மூணில் ஓடாத ரெண்டு

என் அக்காவின் கல்யாணத்தில் நான் அழவில்லை. அதை இன்றைக்கும் சொல்லிக்காட்டுகிற சொந்தக்காரர்கள் இருக்கிறார்கள். அழுகை வந்தால்தானே அழுவது? எனக்கு வந்தது கோபம். கடைசித் தளத்துக்கு முந்தின தளத்தில் நாங்கள் நின்றுகொண்டிருக்கும்போது அவளைக் கட்டிக்கொடுத்துவிட்டார்கள்.

எங்கள் வீட்டில் ஒரு கேம் பெட்டி இருந்தது. நெய்வேலி டவுன்ஷிப்பில் எங்கள் பிளாக்கில் யாரும் அந்தப் பெட்டிகளைக் கம்பெனி பேர் சொல்லிக் கூப்பிட மாட்டோம். முதலில் வந்தது ஒன்னு. அடுத்து வந்தது ரெண்டு. அதற்கும் அடுத்தது மூணு. எங்களுடையது ரெண்டு. போனஸ் வந்த ஒரு தீபாவளிக்கு அப்பா பாண்டிச்சேரியில் வாங்கிவந்தார். திருட்டு டிஸ்க் போட சிப் வைத்துத் தருகிறேன் என்று கடைக்காரன் சொன்னதற்கு, வேண்டாம் என்று சொல்லிவிட்டு, ஒரே ஒரு ஒரிஜினல் டிஸ்க்கும் சேர்த்து வாங்கினார். அந்த ஒன்றைத்தான் நானும் அக்காவும் வருஷக்கணக்கில் ஆடினோம்.

பூமிக்கு அடியில் புதைந்துபோன ஒரு கோட்டை. தளம் தளமாகக் கீழே இறங்க வேண்டும். இரண்டு பேர் சேர்ந்து ஆடலாம். அக்காவுக்குக் கோடாலி, எனக்கு வில். ஒருத்தி செத்தால் இரண்டு பேருக்கும் ஆட்டம் போச்சு. அதனால் நாங்கள் திரையில் இருந்த பேய்களைவிட ஒருவரை ஒருவர்தான் அதிகம் திட்டிக்கொண்டோம். அப்பா மைன்ஸில் ஷிப்டுக்குப் போவார். அம்மா சமையலறையிலிருந்து சொல்வாள்: "அவுரு அங்க தோண்டட்டும், நீங்க ரெண்டு பேரும் இங்க தோண்டுங்க. சோறு மட்டும் நான் ஒருத்தி பொங்கறேன்."

எதுவரை இறங்கினோம் என்பது ஒரு கறுப்பு கார்டில் பதிந்திருக்கும். தீப்பெட்டியைவிடச் சின்னது, பெட்டியின் முகப்பில் செருகுவது. ஆட்டத்தை அதில் பதிவதை எழுதி வைப்பது என்போம். மற்றவர்களுடையதோடு கலந்துவிடக்கூடாது என்று அக்கா அதன்மேல் சிவப்பு நெயில் பாலிஷில் ஒரு கோடு இழுத்து வைத்திருந்தாள்.

டிகிரி முடித்த கையோடு கல்யாணம். மாப்பிள்ளை வீடு பண்ருட்டிக்குப் பக்கத்தில் திருவதிகை. மாமாவுக்கு முந்திரிக்கொட்டை வியாபாரம். வண்டி ஏறும்போது அக்கா என்னைக் கட்டிப்பிடிப்பது மாதிரி இழுத்துக் காதில் சொன்னது இதுதான்: "நான் இல்லாம ஒரு படி எறங்கின, பஸ் ஏறி வந்து ஒதைப்பேன்."

நான் இறங்கவில்லை. இரண்டு வருஷம் அந்த டிஸ்க்கைத் தொடவில்லை. பண்டிகைக்கு வருவாள், மதியம் சாப்பிட்டுவிட்டு சாயங்கால பஸ்ஸுக்குக் கிளம்பிவிடுவாள். அவளுக்கு அங்கே ஆயிரம் வேலை. போனில் பேசும்போது அந்த ஊர்ப் பேச்சு ஒட்டிக்கொண்டுவிட்டது தெரிந்தது. "சமைச்சிக்கினு இருக்கேன்டி" என்பாள். "சமைச்சிக்கினா? அது எந்த ஊர் பாஷை?" என்று நான் கேட்டால், "வாய மூடு. உனக்கும் ஒரு நாள் வரும்" என்பாள்.

அவள் உண்டானாள். ஏழாம் மாசம் எங்கள் வீட்டில் வளைகாப்பு, அதற்கப்புறம் பிரசவம் வரை இங்கேதான் என்று முடிவானதும் எனக்குப் போன் செய்தாள்.

"கார்டு இருக்கா?"

"பெட்டியிலயே இருக்கு."

"கண்ட்ரோலர் ஒயர எலி கடிக்கலயே?"

"இல்ல."

"சரி. புள்ள வர்றதுக்குள்ள முடிக்கிறோம். அதுக்கப்புறம் எனக்குன்னு ரெண்டு கை இருக்காது."

அவ்வளவுதான் அவள் கேட்டது. மசக்கைக்கு மாங்காய் கேட்கவில்லை, பட்டுப்புடவை கேட்கவில்லை. பாதியில் நின்ற ஆட்டத்தை முடிக்க வேண்டும் என்றாள். நான் நாள் எண்ண ஆரம்பித்தேன்.

வளைகாப்புக்குச் சில நாள் முன்பு நான் காலேஜிலிருந்து வந்தபோது டிவிக்குக் கீழே பெட்டியைக் காணோம். "உன் மாமா வந்து எடுத்துட்டுப் போனாரு. சர்வீஸ் பண்ணித் தராராம். யார்கிட்டயும் சொல்லாதீங்க, ஆச்சரியமா இருக்கட்டும்னாரு" என்றாள் அம்மா. ஓடிக்கொண்டிருக்கிற பெட்டிக்கு எதற்கு சர்வீஸ்?

வளைகாப்பன்று கலந்த சாதமெல்லாம் பரிமாறி எல்லோரும் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது மாமா ஒரு பெரிய பார்சலைத் தூக்கிக்கொண்டு வந்தார். முகமெல்லாம் பல். பிரித்தால் மூணு. பளபளவென்று புதுசு.

"எக்ஸ்சேஞ்சுல மாத்திட்டேன். அந்தப் பழச எத்தினி நாளுக்கு வெச்சிக்கினு இருப்பீங்க? இதுல பழைய டிஸ்க்கும் ஓடும். நானே கடையில போட்டுப் பாத்துட்டுத்தான் வாங்கினேன்."

நான் எங்கள் டிஸ்க்கை உள்ளே தள்ளினேன். பெட்டி கொஞ்ச நேரம் உறுமியது. இந்த டிஸ்க்கைப் படிக்க முடியாது என்று எழுத்து வந்தது. துடைத்துவிட்டுப் போட்டேன். மறுபடியும் அதே எழுத்து.

"ஓடுச்சே! என் கண்ணால பாத்தேன்" என்றார் மாமா. பாவம், பொய் சொல்லவில்லை. சட்டைப்பையிலிருந்து ஒரு டிஸ்க்கை எடுத்துக் காட்டினார். அடிப்பக்கம் கறுப்பாக இருந்தது. அது ஒன்னுவின் டிஸ்க். பக்கத்துக் குவார்ட்டர்ஸ் பையன் வேலை கிடைத்துப் போனபோது எங்களுக்குக் கொடுத்துவிட்டுப் போனது.

"இருக்கறதுலயே ரொம்பப் பழசு எதுவோ அதப் பாத்து எடுத்துக்கினு போனேன். அதுவே ஓடுதுன்னா நடுவுல இருக்கறது ஓடாதா?"

அறிவுள்ள எவனும் அப்படித்தான் நினைப்பான். தப்பு அவருடையது இல்லை. ஒன்னுவின் டிஸ்க் மூணில் ஓடும், ரெண்டின் டிஸ்க் ஓடாது. தாத்தாவை அடையாளம் தெரிகிறது, அப்பனைத் தெரியவில்லை என்கிற பெட்டியை எவன் செய்வான்? செய்தார்கள். முடியாததால் அப்படிச் செய்ததும் இல்லை. பிற்பாடு விசாரித்துத் தெரிந்துகொண்டேன். மூணு முதன்முதலில் வந்தபோது ரெண்டின் சிப்பையும் உள்ளே வைத்துத்தான் விற்றார்கள். அதில் எங்கள் டிஸ்க் ஓடியிருக்கும். அப்புறம் செலவு மிச்சம் என்று அதைப் பிடுங்கிவிட்டு, பெட்டியை இளைக்க வைத்து, இதுதான் முன்னேற்றம் என்று விற்றார்கள். அதை அட்டையில் கொட்டை எழுத்தில் போட்டார்களா? இல்லை. நாம் காசு கொடுத்து வாங்கி, வீட்டுக்குக் கொண்டுவந்து, பொண்டாட்டி முன்னால் அவமானப்பட்டுத்தான் தெரிந்துகொள்ள வேண்டும்.

அப்பா கை கழுவிவிட்டு வந்து பார்த்தார். "எங்க மைன்ஸ்ல புது மிஷின் வந்தா, அது பழைய கன்வேயர் பெல்ட்லதான் மண்ணக் கொட்டணும். இருக்கற பெல்ட்ட எல்லாம் தூக்கிப் போடுன்னு ஒரு மிஷின் சொன்னா, அத எறக்கி வைக்கவே விட மாட்டோம்" என்றார். பிறகு போய்ப் படுத்துக்கொண்டார். அவருக்கு நைட் ஷிப்ட்.

அக்கா புளிசாதத்தைப் பிசைந்துகொண்டே எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தாள். "கார்டு எங்கங்க?" என்றாள்.

"அந்தப் பொட்டியிலயே சொருகிக்கினு இருந்துச்சே. அதோட குடுத்துட்டேன்."

அக்கா இலையை மூடிவிட்டு எழுந்துவிட்டாள்.

மறுநாள் காலையில் நானும் மாமாவும் பாண்டிச்சேரிக்குப் போனோம். வழியெல்லாம் அவர் என்னிடம் பேசவில்லை. நான் பேசியதெல்லாம் இங்கே எழுதுகிற மாதிரி இல்லை. கடைக்காரர் எங்களைப் பார்த்ததும் சிரித்தார்.

"அந்த ரெண்டா? அது அன்னிக்கே பிரிச்சாச்சு சார். லென்ஸ் ஒரு எடத்துக்குப் போச்சு, போர்டு ஒரு எடத்துக்குப் போச்சு."

"வேற ரெண்டு இருக்கா?" என்று கேட்டேன்.

"இப்ப யார் மேடம் அதக் கேக்கறா? கம்பெனியே விட்டாச்சு. உங்களுக்கு அந்த கேம்தானே வேணும்? மூணுக்குன்னு நெட்ல விக்கறாங்க. வாங்கி எறக்கிக்கலாம்."

"என்கிட்ட இருக்கே."

"அது ரெண்டுக்கு."

"கேம் வேறயா?"

"அதே கேம்தான்."

"அதே கேமுக்கு நான் மறுபடி எதுக்குக் காசு குடுக்கணும்?"

அவர் தோளைக் குலுக்கினார். "கார்டுல இருக்கறது அதுல வருமா?" என்று கேட்டேன்.

"வராது. மொதல்லருந்துதான் ஆடணும். பழசயே கட்டிக்கினு அழுதா எப்படி மேடம்?"

"எங்க கார்டக் குடுங்க" என்றேன். எனக்குக் குரல் உயர்ந்துவிட்டது. கடையில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். பார்க்கட்டும். மாமா என் முழங்கையைத் தொட்டு, "மெதுவா பேசும்மா" என்றார். நான் மெதுவாகப் பேசவில்லை. கடைக்காரர் மேஜைக்கு அடியிலிருந்து ஒரு பிளாஸ்டிக் டப்பாவை எடுத்துக் கவிழ்த்தார். ஒரே மாதிரி கறுப்பு கார்டுகள். எத்தனை வீட்டுப் பிள்ளைகள் எங்கெங்கே பாதியில் நிற்கிறார்களோ. கிளறிக்கொண்டே போனேன். சிவப்புக் கோடு கிடைத்தது.

"அத வெச்சிக்கினு என்னா பண்ணப்போறீங்க? பொட்டியே இல்லயே."

"அது எங்க கவலை" என்று மாமாதான் சொன்னார். அந்த ஒரு வார்த்தைக்காக அவரை மன்னித்துவிட்டேன்.

பெட்டி வேண்டும். எங்கள் ஊரில் அதற்கு ஒரு வழி உண்டு. டவுன்ஷிப்பில் யாருக்கும் சொந்த வீடு கிடையாது. எல்லாம் குவார்ட்டர்ஸ். ரிடையர் ஆனால் காலி பண்ண வேண்டும். ஒவ்வொரு மாசக் கடைசியிலும் யாராவது ரிடையர் ஆவார்கள். அதற்குப் பின்னால் எங்கேயாவது ஒரு வீட்டு வாசலில் லாரி நிற்கும். லாரியில் ஏறாததெல்லாம் முன்பக்கம் குவிந்து கிடக்கும். முப்பது வருஷம் இங்கேயே இருக்கப்போவதாக நினைத்து வாங்கிய சாமான். அக்கம்பக்கத்தில் இருப்பவர்கள் போய் வேண்டியதை எடுத்துக்கொள்வார்கள். சைக்கிளை எடுத்துக்கொண்டு பிளாக் பிளாக்காகச் சுற்றினேன். லாரி நின்ற வாசலில் எல்லாம் இறங்கி, "கேம் பெட்டி இருக்குங்களா?" என்று கேட்டேன். கிழிந்த மெத்தை காட்டினார்கள். ஒரு வீட்டில் நாய்க்குட்டியை எடுத்துக்கொள்ளச் சொன்னார்கள்.

ஏழெட்டு வீட்டுக்கு அப்புறம் ஒரு அம்மா பரணைக் காட்டினார். "என் பையனோடது ஒன்னு கெடக்கு. ஃபோன் பண்ணா தூக்கிப் போடுங்கறான்." ஏறி எடுத்தேன். ரெண்டு. மேலே விரல் கனத்துக்குத் தூசி.

"எடுத்துக்கோ. ஆனா அத மட்டும் தனியா தர மாட்டேன்."

"வேற என்னங்க வேணும்?"

"எனக்கு ஒன்னும் வேணாம். நீ அந்த டேபிள் ஃபேனயும், மிக்ஸி ஜாரயும், அந்த நாலு குரோட்டன்ஸ் தொட்டியயும் சேத்து எடுத்துக்கினு போவணும். எல்லாரும் நல்லதா பாத்துப் பொறுக்கிக்கினு போறாங்க, குப்பைய நான் எங்க கொண்டுபோய்க் கொட்டறது?"

நாலு நடை நடந்தேன். அந்த ஃபேன் ஓடவே இல்லை. குரோட்டன்ஸ் இன்னும் எங்கள் அம்மாவிடம் இருக்கிறது.

பெட்டியைப் பிரித்தேன். எங்கள் ஊர்த் தூசி வேறு மாதிரி. நிலக்கரித் தூளும் சாம்பலும் கலந்தது. துணி காயப்போட்டாலே தெரியும். லென்ஸ் மேல் பழுப்பாகப் படிந்திருந்தது. காது குடையும் பஞ்சால் துடைத்தேன். மூடி, டிஸ்க் போட்டு, கார்டைச் செருகினேன். அக்கா பின்னால் நின்று என் தோளைப் பிடித்துக்கொண்டிருந்தாள். கோட்டை வந்தது. கோடாலிக்காரியும் வில்லுக்காரியும் விட்ட இடத்திலேயே நின்றார்கள். இரண்டு வருஷமாக நின்றிருக்கிறார்கள்.

"என்னாடி இது, எனக்கு உயிர் இவ்ளோ கம்மியா இருக்கு?"

"நீதான் அன்னிக்கி மருந்து எல்லாத்தயும் குடிச்ச. அவசரக்காரி."

எட்டாம் மாசம் முழுக்க ஆடினோம். கண்ட்ரோலரை வயிற்றின் மேல் வைத்துக்கொள்வாள், குழந்தை உதைத்தால் கோடாலி தவறும். ஒரு நாள் அவள் மாமியார் பார்க்க வந்தார். நானும் அவரை அத்தை என்றுதான் கூப்பிடுவேன். வாசலில் நின்று திரையையும் மருமகளையும் மாறி மாறிப் பார்த்தார்.

"மாசமா இருக்கறவ வெட்டுகுத்து பாக்கலாமா?"

"பாக்கல அத்தை. வெட்டறேன்" என்றாள் அக்கா, கண்ணைத் திருப்பாமல். "இந்த ஒருத்தன முடிச்சிட்டு வரேன், உக்காருங்க."

அத்தை உட்காரவில்லை. காபியும் குடிக்காமல் கிளம்பினார். அம்மா அக்காவைத் திட்டினாள். அக்கா காதில் போட்டுக்கொள்ளவில்லை.

கடைசித் தளத்தின் கதவுக்கு வந்தோம். கதவைத் திறந்து, உள்ளே இருக்கிறவனை முடித்தால் முடிந்தது. அக்கா கண்ட்ரோலரைக் கீழே வைத்துவிட்டாள்.

"போதும்."

"என்ன போதும்? தெறடி!"

"இங்க வேணாம். அங்க எடுத்துக்கினு போறேன். அங்க வெச்சி முடிப்போம்."

"பைத்தியமா உனக்கு? புள்ள வர்றதுக்குள்ளன்னு நீதான சொன்ன?"

"சொன்னேன். இப்ப மாத்திச் சொல்றேன். இங்க நான் என்ன வேணா பண்ணலாம், யாரும் கேக்க மாட்டாங்க, பொறந்த வூடு. அங்க போனதும் இதெல்லாம் தெரியாதவ மாதிரி இருக்கணும். ரெண்டு வருஷம் இருந்து பாத்துட்டேன். இனிமே முடியாது. நான் போற எடத்துல இதுவும் ஓடணும்."

அவளோடு சண்டை போட்டேன். இரண்டு நாள் பேசவில்லை. அவள் மாறவில்லை.

பெண் குழந்தை பிறந்தது. ஐந்தாம் மாசம் திருவதிகைக்குக் கொண்டுபோய் விட்டோம். காரில் அம்மா மடியில் குழந்தை, என் மடியில் ரெண்டு. அத்தை ஆரத்தி எடுத்துவிட்டு என் கையைப் பார்த்தார். "இது என்னா பொட்டி?"

"என்னுது அத்தை" என்றாள் அக்கா. ஹாலிலேயே, டிவிக்குக் கீழேயே வைத்தாள். மூணை மாமா ஏற்கனவே விற்றுவிட்டிருந்தார். அதை யாரும் தேடவில்லை.

மறுநாள் மதியம் கதவைத் திறந்தோம். உள்ளே இருந்தவன் மூன்று முறை அடி வாங்கினால் சாவான். இரண்டு முறை அடித்துவிட்டோம். அவன் பதுங்கிய இடைவெளியில் குழந்தை அழுதது. "எழுதி வெச்சிடு, பால் குடுத்துட்டு வரேன்" என்று அக்கா உள்ளே போனாள்.

அப்போது அந்த வீட்டில் திடீரென்று எல்லோரும் ஓட ஆரம்பித்தார்கள். அத்தை மோட்டார் போட்டார். மிக்ஸி அலறியது. மாமா மூன்று செல்போன்களைச் சார்ஜில் மாட்டினார். "ஆவுது, ஆவுது, மணி ஆவுது" என்று யாரோ கத்தினார்கள். நான் எதற்கு இந்த ஓட்டம் என்று புரியாமல் உட்கார்ந்திருந்தேன். விருந்தாளி யாரோ வருகிறார்கள் என்று நினைத்தேன். பொத்தானை அமுக்கினேன். கார்டில் பதிந்துகொண்டிருக்கிறது, பெட்டியை அணைக்காதீர்கள் என்று திரையில் வந்தது. அதே நொடியில் திரை கறுத்தது. ஃபேன் நின்றது. மிக்ஸி பாதியில் அடங்கியது.

தமிழ்நாடு முழுக்க ஒரு மணி நேரம் கரண்ட் இருந்தால் ஒரு மணி நேரம் இல்லாத காலம் அது. எனக்கும் தெரியும், பேப்பரில் படித்திருக்கிறேன். ஆனால் எங்கள் டவுன்ஷிப்பில் கரண்ட் போகாது. கரண்ட் செய்கிற ஊரில் எப்படிப் போகும்? அணைக்காதீர்கள் என்ற எழுத்தை நான் ஆயிரம் முறை பார்த்திருக்கிறேன், ஒரு முறையும் பயந்ததில்லை. அதை என் தப்பு என்று இன்றுவரை ஒத்துக்கொள்ள மாட்டேன். எங்களிடமிருந்து ஒரு பஸ் தூரத்தில் இருக்கிற ஊர் கடிகாரத்தைப் பார்த்து மாவரைக்க வேண்டியிருக்கிறதே, அது யார் தப்பு?

ஒரு மணி நேரம் புழுக்கமான ஹாலில் விசிறிக்கொண்டு உட்கார்ந்திருந்தோம். கரண்ட் வந்தது. பெட்டியைப் போட்டேன். கார்டு பழுது, எல்லாவற்றையும் அழித்துப் புதிதாக்கவா என்று கேட்டது.

மாமா மெதுவாக, "நான் வேணா கடையில கேட்டுப் பாக்கட்டா?" என்றார்.

"வேணாம்!" என்று நானும் அக்காவும் ஒரே குரலில் கத்தினோம்.

அத்தை ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு வந்து நின்றார். "எத்தினி நாளா ஆடினது?"

"கல்யாணத்துக்கு முன்ன இருந்து" என்றேன். அழுகை எனக்கு அப்போதுதான் வந்தது. கல்யாணத்துக்கு வராதது.

அக்கா குழந்தையை அத்தை கையில் கொடுத்தாள். கண்ட்ரோலரை எடுத்தாள். ஆமாம் என்று அமுக்கினாள். எல்லாம் அழிந்தது.

"ஆரம்பி" என்றாள்.

"மொதல்லருந்தா?" என்று அத்தைதான் கேட்டார்.

"மொதல்லருந்துதான் அத்தை. இவ வாரா வாரம் வருவா. எவ்ளோ நாள் ஆவுதோ ஆவட்டும்."

முதலிலிருந்துதான் ஆட வேண்டும் என்று பாண்டிச்சேரிக் கடைக்காரரும் சொன்னார். அவர் சொன்னது அதே கேமைக் காசு கொடுத்து மறுபடி வாங்கி. இது எங்கள் டிஸ்க், எங்கள் பெட்டி, அவளுடைய ஹால். கோடாலிக்காரி முதல் படியில் நின்றாள், கையில் தகரக் கோடாலி. நான் கண்ணைத் துடைத்துக்கொண்டு வில்லை எடுத்தேன். "மருந்த இந்த வாட்டி நான் வெச்சிக்கறேன்" என்றேன். "போடி" என்றாள்.

இரண்டாம் தளத்துக்கு இறங்கிக்கொண்டிருந்தோம். அத்தை குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு கடிகாரத்தைப் பார்த்தார். மோட்டாரைப் போட ஓடுவதற்கு முன்னால் எங்கள் பக்கம் திரும்பிக் கத்தினார்:

"போவப்போவுது, எழுதி வெச்சிக்குங்கடி!"